வடுவுக்கு ஓர் எண்: இதயக் கருவிகளைச் சுற்றி வளரும் நார்த்திசுவும் மருத்துவக் குறியீடும்

அமெரிக்க மருத்துவமனை ஒன்றின் அறுவைக் குறிப்பில் ‘பேனஸ்’ என்று ஒரு சொல் வருகிறது. செயற்கை இதய வால்வின் விளிம்பிலிருந்து உள்நோக்கி வளர்ந்திருந்த திசுவை அறுவை மருத்துவர் வெட்டி எடுத்திருக்கிறார். சென்னையிலோ கோவையிலோ திருச்சியிலோ கணினி முன் அமர்ந்திருக்கும் கோடர், அதாவது மருத்துவப் பதிவுகளைக் குறியீட்டு எண்களாக மாற்றுபவர், அமெரிக்காவின் நோய்க் குறியீட்டு நூலான ஐசிடி-10-சிஎம்மின் அகரவரிசைப் பட்டியலில் அந்தச் சொல்லைத் தேடுகிறார். பட்டியல் அவரைக் கண்ணுக்கு அனுப்புகிறது: கருவிழிப் படலத்தில் இரத்த நாளங்கள் படரும் நிலை, எச்16.42. அதன் கீழேயே டிராக்கோமா என்னும் கண்நோய், ஏ71.1. இன்னொரு வரி, தொங்கும் வயிற்றுக் கொழுப்பு, ஈ65. இதயம் என்ற பேச்சே அந்த இடத்தில் இல்லை.

இந்த இடத்தில் தடுமாறாத புதிய கோடரை நான் பார்த்ததில்லை. பேனஸ் என்பது நார்த்திசு வளர்ச்சி என்று தெரிந்தால்தான் அடுத்து எங்கே தேடுவது என்பது புரியும். ‘சிக்கல்’ என்ற தலைப்பின் கீழ் இதயக் கருவியைத் தேடி, அதற்குள் நார்த்திசு என்ற வரியைப் பிடித்தால் டி82.827 (T82.827) வந்து சேரும். உடற்கூறும் நோயியலும் தெரியாதவருக்குப் பட்டியல் எத்தனை பெரியதாக இருந்தும் பயனில்லை. தமிழ்நாட்டில் நர்சிங், பார்மசி, பிசியோதெரபி, நுண்ணுயிரியல், விலங்கியல் படித்த எத்தனையோ இளைஞர்கள் இந்த வேலையில் இருக்கிறார்கள். இது வெறும் தரவு உள்ளிடும் வேலை என்று வெளியே இருப்பவர்கள் நினைக்கிறார்கள். அந்த எண்ணம் எவ்வளவு தவறு என்பதற்கு டி82.827 என்ற இந்த ஒரே குறியீடு போதும்.

முதலில் அந்த வடுவைப் பற்றி.

உடலுக்குள் ஓர் அந்நியப் பொருள் நுழைந்தால், அதைக் கரைக்க முடியாதபோது உடல் அதைச் சுற்றிச் சுவர் எழுப்புகிறது. முதல் சில நாட்களில் அழற்சி. பிறகு நாரணுக்கள் வந்து கொலாஜனை நெய்கின்றன. வாரங்களில் ஒரு மெல்லிய உறை, ஆண்டுகளில் தடித்த உறை, சிலருக்கு அதன்மேல் சுண்ணாம்புப் படிவு. முழங்காலில் விழுந்து எழுந்தால் வரும் தழும்புக்கும் இதற்கும் அடிப்படை ஒன்றுதான். இடம் மட்டும் வேறு: துடித்துக்கொண்டே இருக்கும் தசை, இரத்தம் ஓடிக்கொண்டே இருக்கும் நாளம்.

பேஸ்மேக்கரில் ஒரு சிறிய பெட்டியும் அதிலிருந்து இதயத்துக்குள் செல்லும் லீட் என்ற மின்கம்பியும் இருக்கின்றன. லீடின் முனை இதயத் தசையைத் தொட்ட இடத்தில் அழற்சி உண்டாகி, முதல் சில வாரங்களில் இதயத்தைத் தூண்டத் தேவைப்படும் மின்னளவு ஏறுகிறது. பிறகு இறங்கி ஒரு நிலைக்கு வருகிறது. இந்த ஏற்றத்தைத் தணிக்கத்தான் 1980களில் முனையிலேயே ஸ்டீராய்டு கசியும் லீடுகள் வந்தன. இருந்தும் சிலருக்கு வடு அளவுக்கு மீறித் தடிக்கிறது. வடுத்திசு மின்சாரத்துக்கு மறுமொழி தராது. பெட்டி துடிப்பை அனுப்புகிறது, தசை அதைக் கேட்பதில்லை.

லீட் கடந்துபோகும் வழியெல்லாம் வடுவுக்கு வாய்ப்புள்ள இடங்கள். காறை எலும்பின் கீழுள்ள சிரை, மேற்பெருஞ்சிரை, மூவிதழ் வால்வு, வலது கீழறையின் சுவர். ஓரிடத்தில் அது சிரையின் சுவரோடு ஒட்டிக்கொள்கிறது, இன்னோரிடத்தில் வால்வின் இதழை இழுத்துப் பிடிக்கிறது. இரண்டு மூன்று லீடுகள் அருகருகே இருந்தால் அவை ஒன்றோடொன்றும் ஒட்டிக்கொள்கின்றன. கருவி நன்றாக வேலை செய்யும்வரை இது யாருக்கும் தெரியாது. தொற்று வந்தோ லீட் உடைந்தோ அதை வெளியே எடுக்க வேண்டிய நாளில்தான் வடு தன்னைக் காட்டுகிறது.

ஓராண்டுக்குள் வைத்த லீடைப் பெரும்பாலும் இழுத்தே எடுத்துவிடலாம். ஓராண்டைத் தாண்டிவிட்டால் இதய மின்னியல் மருத்துவர்கள் அதை வேறு பெயரிட்டு அழைக்கிறார்கள். அது ‘எக்ஸ்ட்ராக்‌ஷன்’, அதாவது பிரித்தெடுப்பு. 308 நானோமீட்டர் அலைநீள எக்ஸைமர் லேசர் பொருத்திய உறையை லீடின் மேல் நுழைத்து, வடுவை மில்லிமீட்டர் மில்லிமீட்டராக அறுத்துக்கொண்டே போகிறார்கள். அமெரிக்காவில் இந்தக் கருவிக்கு 1997இல் அனுமதி கிடைத்தது. பழகிய கைகளில் இது பாதுகாப்பான சிகிச்சை. ஆனால் மேற்பெருஞ்சிரை கிழிந்தால் நோயாளியைக் காப்பாற்ற நிமிடங்கள்தான் இருக்கும். மார்பைத் திறக்கத் தயாராக இதய அறுவைக் குழு பக்கத்திலேயே நிற்பது அதனால்தான்.

1958 அக்டோபர் 8 அன்று ஸ்டாக்ஹோமில் உலகின் முதல் முழுமையாகப் பதிக்கப்பட்ட பேஸ்மேக்கரைப் பெற்றவர் ஆர்னே லார்சன். பொறியாளர் ரூனே எல்ம்க்விஸ்ட் உருவாக்க, மருத்துவர் ஓக்கே சென்னிங் பதித்தார். அந்தக் கருவி சில மணி நேரமே ஓடியது. லார்சன் 2001வரை வாழ்ந்தார். அதற்குள் அவருக்கு 26 பேஸ்மேக்கர்கள் மாற்றப்பட்டிருந்தன. கருவியோடு நாற்பது ஆண்டுகள் வாழ முடியும் என்பதற்கு அவரே சாட்சி. நாற்பது ஆண்டுகள் என்றால் நாற்பது ஆண்டு வடுவும் உண்டு. இளம் வயதில் கருவி பெறுகிற ஒவ்வொருவருக்கும் இந்தக் கணக்கு பொருந்தும்.

எண்ணின் உள்ளே

டி82 என்றால் இதயத்திலும் இரத்த நாளங்களிலும் வைத்த செயற்கைக் கருவி, பதியம், ஒட்டு ஆகியவற்றால் வரும் சிக்கல். புள்ளிக்குப் பின் வரும் 8 ‘மற்றக் குறிப்பிட்ட சிக்கல்’. அடுத்த இலக்கம்தான் என்ன நடந்தது என்று சொல்கிறது. 1 என்றால் உறைகட்டி அடித்துப்போய் வேறிடத்தை அடைப்பது, 2 நார்த்திசு, 3 இரத்தக்கசிவு, 4 வலி, 5 குறுகல், 6 இரத்த உறைகட்டி, 9 வேறு எதுவாகினும். ஆறாம் இலக்கம் 7 என்றால் இதயக் கருவி, 8 என்றால் இரத்த நாளக் கருவி. ஆக டி82.827 இதயக் கருவியால் வந்த நார்த்திசு, டி82.828 நாளக் கருவியால் வந்த நார்த்திசு. இதோடு ஏழாம் எழுத்து ஒன்று (A, D அல்லது S) சேர்ந்தால்தான் குறியீடு முழுமை பெறும். அது இல்லாத காப்பீட்டுக் கிளைம் செல்லாது.

2015 செப்டம்பர் 30வரை அமெரிக்காவில் ஐசிடி-9-சிஎம் நடைமுறையில் இருந்தது. அதில் இதே நோயாளிக்கு 996.72 என்று எழுதினோம். நார்த்திசு, வலி, இரத்தக்கசிவு, குறுகல், உறைகட்டி என எல்லாமே அந்த ஓர் எண்ணுக்குள் கிடந்தன. ஒரு கருவி வகை அளவுக்கு மீறி வடுவை உண்டாக்குகிறதா என்று காப்பீட்டுக் கோப்புகளை வைத்து யாராவது ஆராய நினைத்தாலும், வலியால் வந்தவரையும் வடுவால் வந்தவரையும் பிரிக்க வழியே இருக்கவில்லை. 2015 அக்டோபர் 1 அன்றுதான் அமெரிக்கக் கணக்கேட்டில் வடுவுக்கெனத் தனி வரி கிடைத்தது. என் கண்ணில் இது மிகப் பெரிய மாற்றம். எண்ணப்படாத துன்பத்தைப் பற்றி எந்த ஆட்சியும் எந்த நிறுவனமும் கவலைப்படுவதில்லை.

அந்தத் தனி வரி கிடைத்த பிறகும் கோடர்களின் விரல் பழக்கத்தால் டி82.897 பக்கம் போகிறது. ‘வேறு குறிப்பிட்ட சிக்கல்.’ அது தவறென்று ஆடிட்டில் பிடிபடாமலும் போகலாம்; பணமும் பெரும்பாலும் மாறாது. ஆனால் அப்படி எழுதும் ஒவ்வொரு முறையும் பழைய 996.72இன் இருட்டுக்கே அந்த நோயாளியைத் திருப்பி அனுப்புகிறோம்.

வடு எப்போது சிக்கல்?

இதுதான் இந்தக் குறியீட்டின் முள். லீட் வைத்த எல்லாருக்கும் வடு வரும். வராவிட்டால்தான் வியப்பு. சொல்லப்போனால் லீட் நழுவாமல் நிற்பதற்கே அந்த வடு உதவுகிறது. அப்படியென்றால் அறுவைக் குறிப்பில் ‘லீடைச் சுற்றி அடர்ந்த ஒட்டுகள்’ என்று பார்த்ததும் டி82.827ஏ எழுதிவிடலாமா?

கூடாது. அதிகாரபூர்வ வழிகாட்டி நெறிகளின் முதல் பிரிவு இதை நேராகவே சொல்கிறது. சிகிச்சைக்குப் பின் வரும் எல்லாமும் சிகிச்சையின் சிக்கல் ஆகாது. சிகிச்சைக்கும் நிலைக்கும் காரண-காரியத் தொடர்பு இருக்க வேண்டும். அந்த நிலை மருத்துவ அளவில் பொருட்படுத்தத்தக்கது என்பதை மருத்துவரின் பதிவு தாங்கி நிற்க வேண்டும். ‘சிக்கல்’ என்ற சொல்லையே அவர் எழுதியிருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. பொருள் இருக்க வேண்டும்.

பயிற்சிக்காக நான் அமைத்துக்கொண்ட இரண்டு குறிப்புகளைப் பாருங்கள். முதலாவது: ‘பேஸ்மேக்கர் பெட்டி இருக்கும் தோலடிப் பையில் தொற்று. இரண்டு லீடுகளும் லேசர் உறை கொண்டு அகற்றப்பட்டன. எதிர்பார்த்த அளவு ஒட்டுகள் இருந்தன.’ இங்கே முதன்மைக் குறியீடு தொற்றுக்குரியது, டி82.7 வரிசை. வடு என்பது மருத்துவர் தாண்டிச் சென்ற வழி மட்டுமே. இரண்டாவது: ‘கீழறை லீடின் தூண்டல் அளவு தொடர்ந்து ஏறி, முனையில் நார்த்திசு தடித்ததால் தசை பிடிக்காமல் போனது. புதிய லீட் வைக்கப்பட்டது.’ இங்கே வடுதான் நோயாளி மருத்துவமனைக்கு வந்த காரணம். டி82.827ஏ தயங்காமல் எழுதலாம். இதே இரண்டாவது நோயாளிக்கு ‘லீட் பிடிக்கவில்லை, மாற்றப்பட்டது’ என்று மட்டும் எழுதப்பட்டிருந்தால், குறியீடு மின்முனையின் இயந்திரக் கோளாறு என்ற டி82.1 வரிசைக்குப் போய்விடும். நோய் ஒன்றே; மருத்துவர் எழுதாத ஒரு சொல் கணக்கையே மாற்றிவிடுகிறது.

வால்வுகளில் இது இன்னும் கூர்மையாகிறது. உலோக வால்வு வைத்தவர் ஒருவர் மூச்சுத்திணறலோடு வருகிறார். வால்வின் தட்டு சரியாகத் திறக்கவில்லை. காரணம் இரண்டில் ஒன்றாக இருக்கலாம். உறைகட்டி என்றால் பெரும்பாலும் நாட்களிலோ வாரங்களிலோ வந்திருக்கும். இரத்தம் உறையாமல் காக்கும் வார்ஃபரின் மாத்திரையைச் சில நாள் விட்டிருப்பார், அந்த மருந்தின் வேலையைக் காட்டும் ஐஎன்ஆர் என்ற இரத்தப் பரிசோதனை அளவு தாழ்ந்திருக்கும். பேனஸ் என்றால் தையல் வளையத்திலிருந்து ஆண்டுக்கணக்கில் ஊர்ந்து வந்திருக்கும். மாத்திரையை ஒழுங்காக எடுத்திருப்பார், ஐஎன்ஆர் சரியாக இருக்கும். சிடி படத்தில் உறைகட்டி மெலிந்த நிறத்திலும் பேனஸ் அடர்ந்தும் தெரியும். இந்த வேறுபாட்டில் உயிரே இருக்கிறது. உறைகட்டியை மருந்தால் கரைக்க முயலலாம். பேனஸை எந்த மருந்தும் கரைக்காது; மறுபடி மார்பைத் திறக்க வேண்டும். சிலருக்கு இரண்டும் சேர்ந்தே இருக்கும், வடுவால் ஓட்டம் தடைப்பட்ட இடத்தில் இரத்தம் உறையும்.

இப்போது கோடரின் முன் நான்கு கதவுகள். மருத்துவர் ‘உறைகட்டி’ என்று எழுதினால் டி82.867. ‘நார்த்திசு’ என்றால் டி82.827. ‘செயற்கை வால்வு குறுகல்’ என்றால் டி82.857. ‘வால்வு அடைப்பு’ என்று மட்டும் எழுதினால் டி82.09, வால்வின் இயந்திரச் சிக்கல். வால்வு ஒன்றுதான், அதன் தட்டும் ஒன்றுதான். பேனஸால் குறுகல் என்று தெளிவாக எழுதியிருந்தால் நார்த்திசுவும் குறுகலும் இரண்டுமே பதிவாக வேண்டியவை.

நோயியல் ஆய்வகத்தின் அறிக்கையில் ‘ஒழுங்கமைந்த நார்த்திசு, புதிய உறைகட்டி இல்லை’ என்று தெள்ளத்தெளிவாக இருக்கும். உள்நோயாளி என்றால் அதை மட்டும் வைத்துக் கோடர் குறியீடு எழுதக் கூடாது. நோயாளியைப் பார்த்த மருத்துவர் அதை ஏற்று எழுத வேண்டும். புதியவர்களுக்கு இது வீண்பிடிவாதம் போலத் தோன்றும். ஆய்வகம் திசுவைப் பார்க்கிறது. அந்தத் திசு நோயாளிக்கு என்ன செய்தது என்பதை அவரைப் பார்த்தவரால்தான் சொல்ல முடியும். ‘பேனஸாக இருக்கலாம்’ என்ற ஐயச்சொல்லுக்கும் இரண்டு விதி. உள்நோயாளி டிஸ்சார்ஜ் ஆகும்போதும் அந்த ஐயம் நீடித்தால், இருப்பதாகவே கொண்டு எழுதலாம். புறநோயாளி என்றால் கூடாது. மூச்சுத்திணறலையோ வேறு அறிகுறியையோதான் எழுத வேண்டும்.

ஸ்டென்ட் இந்தக் குடும்பத்தில் சற்று விலகி நிற்கிறது. கரோனரி நாளத்தில் வைத்த வலைக்குழாயின் உள்ளே மென்தசை அணுக்கள் பெருகி வழியை மீண்டும் அடைக்கின்றன. அதுவும் காயம் ஆறும் முயற்சிதான். மருந்து பூசாத ஸ்டென்ட்களில் இது அடிக்கடி நடந்ததால்தான் சிரோலிமஸ் போன்ற மருந்து கசியும் ஸ்டென்ட்கள் வந்தன. அமெரிக்காவில் முதலாவது 2003இல் அனுமதி பெற்றது. ஆனால் கோடிங்கில் இதை நார்த்திசு என்று எழுதுவதில்லை. 2016 அக்டோபர் முதல் கரோனரி ஸ்டென்ட் குறுகலுக்கு டி82.855 என்று தனி எண் இருக்கிறது. ‘ஸ்டென்ட்டுக்குள் மறுகுறுகல்’ என்று பார்த்தால் அங்கேதான் போக வேண்டும்.

அருகில் இருந்து ஏமாற்றும் குறியீடுகள் இன்னும் சில உண்டு. பேஸ்மேக்கர் பெட்டிக்கு மேலே தோலில் இருக்கும் தழும்பு எல்90.5 அல்லது கீலாய்டு என்றால் எல்91.0, அது தோலின் கதை. பழைய மாரடைப்பால் இதயத் தசையில் ஏற்பட்ட வடு ஐ25.2, அதற்கும் கருவிக்கும் தொடர்பில்லை. ‘இதயம்’, ‘வடு’ என்ற இரண்டு சொற்களும் ஒரே சார்ட்டில், அதாவது நோயாளியின் மருத்துவப் பதிவில், இருப்பதால் மட்டும் டி82.827 ஆகிவிடாது. லீட் ஒட்டியதால் மூவிதழ் வால்வு கசிகிறது என்றால் இன்னொரு பொறி காத்திருக்கிறது: பட்டியலில் மூவிதழ் வால்வுக் கசிவுக்கு இயல்பு இடமே ருமாட்டிக் நோய், ஐ07.1. ருமாட்டிக் காய்ச்சலே வராத ஒருவருக்கு அந்த நோயை ஒட்டிவிடுவோம். கருவியால் வந்தது என்று மருத்துவர் எழுதியிருந்தால் ருமாட்டிக் அல்லாத ஐ36.1ஐயே நோக்க வேண்டும்.

டி80 முதல் டி88 வரையான பிரிவின் தலையில் ஒரு குறிப்பு இருக்கிறது: சிக்கலால் உண்டான நிலையைத் தனியாகவும் எழுதுக. பலர் இதைப் படிப்பதில்லை. லீடைச் சுற்றிய வடு மேற்பெருஞ்சிரையை நெரித்து, முகமும் கைகளும் வீங்கி வந்த நோயாளிக்கு டி82.827ஏ போதாது. கூடவே ஐ87.1 வேண்டும். இல்லாவிட்டால் அவர் வீங்கிய முகம் பதிவிலேயே இருக்காது. கருவி பதிக்கும் அறுவை பிற்காலச் சிக்கலுக்குக் காரணமானது, அறுவையின்போது தவறேதும் நடக்கவில்லை என்பதைச் சொல்ல ஒய்83.1 இருக்கிறது. இந்தக் கடைசிக் குறியீட்டை நான் மதிக்கிறேன். யாரும் பிழை செய்யாமலேயே நோயாளிக்குத் தீங்கு நேரலாம் என்பதை ஒப்புக்கொள்ளும் எண் அது.

ஏழாம் எழுத்தில் நடக்கும் பிழைதான் எண்ணிக்கையில் அதிகம். ஏ என்றால் முதல் வருகை என்று பெயரை வைத்து நினைத்துவிடுகிறார்கள். பேஸ்மேக்கர் வைத்துப் பதினைந்து ஆண்டு ஆயிற்றே, இது எப்படி முதல் வருகை ஆகும் என்று கேட்டு டி (D) போடுகிறார்கள்; வடு பழையது என்பதால் எஸ் போடுகிறவர்களும் உண்டு. ஏ என்பது அந்தச் சிக்கலுக்கான செயலூக்கச் சிகிச்சை நடக்கிறது என்பதற்கு. வடுவுக்காக லீடை அகற்றும் நாளில், கருவி எத்தனை பழையதாக இருந்தாலும், எழுத்து ஏ. அந்தச் சிகிச்சை முடிந்து ஆறும் காலத்துக் கண்காணிப்பு டி (D). எல்லாம் முடிந்தபின் வடுவின் விளைவு மட்டும் மிஞ்சி அதற்குச் சிகிச்சை பெற்றால் எஸ்.

உடைந்த கம்பி, பழைய வடு

2007 அக்டோபரில் மெட்ரானிக் நிறுவனம் ஆபத்தான இதயத்துடிப்பை மின்னதிர்ச்சியால் சீராக்கும் டிஃபிப்ரிலேட்டர் கருவிக்கான ஸ்பிரின்ட் ஃபிடெலிஸ் என்ற லீடுகளின் விநியோகத்தை நிறுத்தியது. மெல்லிய அந்த லீடுகள் எதிர்பார்த்ததைவிட அதிகமாக முறிந்தன. முறிந்த கம்பியின் இரைச்சலை ஆபத்தான இதயத்துடிப்பு என்று கருவி தவறாக எண்ணி, விழித்திருக்கும் மனிதருக்கு அதிர்ச்சி மேல் அதிர்ச்சி கொடுத்தது. உலகெங்கும் ஏறத்தாழ 2,68,000 லீடுகள் பதிக்கப்பட்டிருந்தன. எல்லாவற்றையும் எடுத்துவிடலாமே என்று கேட்கத் தோன்றும். எடுக்கவில்லை, முறியாத லீடை வழக்கமாக அகற்ற வேண்டாம் என்பதே மருத்துவ அறிவுரையாக இருந்தது. முறியக்கூடும் என்ற ஆபத்தைவிட, வடுவுக்குள் புதைந்த லீடைப் பிரிப்பதன் ஆபத்து பலருக்குப் பெரிதாக இருந்தது.

அத்தகைய முறிவுக்கு இன்றைய குறியீடு டி82.110, மின்முனை உடைதல். குறியீட்டுக் கோப்புகளில் அந்த நிகழ்வு உடைந்த கம்பிகளின் வரலாறாகத்தான் தெரியும். ஒவ்வொரு நோயாளியும் மருத்துவரும் ‘எடுப்பதா, விடுவதா’ என்று உட்கார்ந்து பேசியதன் மையத்தில் இருந்த வடு, ஐசிடி-9 காலத்தில் பதிவாக வழியே இல்லை. லீடே இல்லாமல் இதயத்துக்குள் வைக்கும் குப்பி வடிவப் பேஸ்மேக்கர் 2016இல் அமெரிக்க அனுமதி பெற்றது. சிரை வழி வடு அதில் இல்லை. ஆனால் குப்பியைச் சுற்றியும் திசு வளரும். அதன் மின்கலம் தீர்ந்தபின் எடுப்பதா, பக்கத்தில் இன்னொன்று வைப்பதா என்ற பழைய கேள்வி புதிய வடிவில் நிற்கிறது. பத்து, பதினைந்து ஆண்டுகள் கழித்து அதற்கு விடை தேடுகிறவர்கள் நாம் இன்று எழுதும் எண்களையும் புரட்டுவார்கள்.

அமெரிக்காவுக்கு வெளியே படம் வேறு. உலக நலவாழ்வு அமைப்பின் ஐசிடி-10 டி82.8 என்ற இடத்தோடு நின்றுவிடுகிறது. நார்த்திசுவும் உறைகட்டியும் வலியும் அங்கே ஒரே வரி. அதற்கு மேலுள்ள இலக்கங்கள் அமெரிக்கா தனக்கெனச் சேர்த்தவை. 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த ஐசிடி-11 வேறு வழியில் போகிறது: நேர்ந்த தீங்கு, அதற்குக் காரணமான பொருள், அது நேர்ந்த விதம் என மூன்றையும் தனித்தனிக் குறியீடுகளாக எழுதிக் கோத்துக்கொள்ளச் சொல்கிறது. வடுவைப் பொறுத்தவரை இது நல்ல வழி என்று நம்புகிறேன். ஆனால் மூன்றையும் மருத்துவர் எழுதியிருந்தால்தான் மூன்றையும் கோக்க முடியும்.

நம் நாட்டுக்கு இதில் சொந்த அக்கறை உண்டு. ருமாட்டிக் காய்ச்சலால் இளம் வயதிலேயே வால்வு கெட்டவர்கள் இங்கே ஏராளம். அவர்களுக்காகத் திருவனந்தபுரம் ஸ்ரீ சித்திரைத் திருநாள் நிறுவனத்தில் மருத்துவர் எம். எஸ். வலியத்தானின் குழு உருவாக்கிய சித்ரா வால்வு 1990 டிசம்பரில் முதன்முதலாக ஒரு நோயாளிக்கு வைக்கப்பட்டது. இருபது வயதில் உலோக வால்வு பெறுகிறவர் அதனோடு அரை நூற்றாண்டு வாழ வேண்டியவர். பேனஸ் வளரவும் அத்தனை காலம் உண்டு. கருவிகளால் நேரும் தீங்கைத் திரட்ட இந்தியாவில் மெட்டீரியோவிஜிலன்ஸ் திட்டம் 2015 ஜூலையில் தொடங்கப்பட்டது. ஆனால் நம் காப்பீட்டுத் திட்டங்கள் பெரும்பாலும் சிகிச்சைத் தொகுப்புக்கு இவ்வளவு என்று பணம் தருபவை. ‘வால்வு மாற்று மறு அறுவை’ என்று கோப்பில் இருக்கும். எதற்காக மறு அறுவை என்பதற்கு ஆறு இலக்க எண் யாரும் கேட்பதில்லை. அமெரிக்க நோயாளியின் வடுவைத் துல்லியமாக எண்ணத் தெரிந்த அத்தனை பேர் நம் ஊரிலேயே இருக்க, நம் நோயாளியின் வடு எண்ணப்படாமல் போவது எனக்கு ஆறாத வருத்தம்.

பேனஸ் என்று தொடங்கிய அந்த அறுவைக் குறிப்புக்கு வருகிறேன். உடலுக்குள் இருந்ததை மருத்துவர் பார்த்துவிட்டார், பெயரும் எழுதிவிட்டார். ஆனால் டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘வால்வு அடைப்பு, உறைகட்டி?’ என்று கேள்விக்குறியோடு ஒரு வரி இருக்கிறது. இரண்டும் முரண்படும்போது கோடர் செய்யக்கூடியது ஒன்றே: குவெரி, அதாவது மருத்துவரிடம் எழுத்தில் விளக்கம் கேட்பது. அதற்கும் நெறி உண்டு. மருத்துவரின் வாயில் விடையைத் திணிக்கக் கூடாது, பணத்தைப் பற்றிப் பேசக் கூடாது. சார்ட்டில் இருப்பதை எடுத்து வைத்து, பொருத்தமான விடைகளோடு ‘வேறு’, ‘உறுதிசெய்ய இயலவில்லை’ என்ற இடங்களையும் விட்டுக் கேட்க வேண்டும். நான் பயிற்சியில் எழுதச் சொல்வது இப்படி:

‘அறுவைக் குறிப்பில் வால்வு வளையத்திலிருந்து வளர்ந்த பேனஸ் அகற்றப்பட்டதாக உள்ளது. நோயியல் அறிக்கையில் ஒழுங்கமைந்த நார்த்திசு எனப்பட்டுள்ளது. ஐஎன்ஆர் 2.8. டிஸ்சார்ஜ் சம்மரியில் உறைகட்டி குறித்து ஐயம் பதிவாகியுள்ளது. வால்வு அடைப்பின் காரணத்தைத் தங்கள் மருத்துவ முடிவின்படி தெளிவுபடுத்த வேண்டுகிறோம்: செயற்கை வால்வால் வந்த நார்த்திசு, செயற்கை வால்வில் உறைகட்டி, இரண்டும், வேறு, உறுதிசெய்ய இயலவில்லை.’

இதை எழுதப் பத்து நிமிடம் ஆகும். நாளுக்கு இத்தனை சார்ட் என்ற இலக்கு தலைமேல் இருக்கும்போது பத்து நிமிடம் பெரிய விலைதான். விடை வரும்வரை அந்தச் சார்ட் நிலுவையில் கிடக்கும். மறுநாளோ அதற்கடுத்த நாளோ மருத்துவர் முதல் கட்டத்தில் குறியிட்டு, சம்மரியில் ஒரு வரி சேர்த்து அனுப்புவார். அப்போது சார்ட்டைத் திறந்து, முன்பு எழுதி வைத்திருந்த டி82.09எக்ஸ்ஏ என்பதை எடுத்துவிட்டு, அந்த இடத்தில் டி82.827ஏ என்று எழுத வேண்டும்.